திருவொற்றியூருக்கு நேர் எதிரே

எட்டாவது படிக்கும் பெரியவன் ராத்திரி ஒன்பதரைக்குத்தான் வாயைத் திறந்தான்: நாளைக்கு இந்தியா மேப்பில் மலைகளைக் குறித்துக்கொண்டு போகவேண்டுமாம். கடை அடைப்பதற்குள் ஓடிப்போய் மேப் வாங்கி வந்தேன்.

காஞ்சன்ஜங்கா சிக்கிம், நேபாள எல்லை, 8,586 மீட்டர். நந்தாதேவி உத்தரகண்ட். குரு சிகரம் ராஜஸ்தான். மடமடவென்று முடிந்தது. ஆனைமுடியில்தான் மாட்டிக்கொண்டேன். ஆனைமலை நம்முடையதுதானே என்று பொள்ளாச்சிப் பக்கம் முக்கோணம் போட்டுவிட்டேன். "அப்பா, அது கேரளா, இடுக்கி" என்று ரப்பரை நீட்டினான். தென்னிந்தியாவிலேயே உயரம், 2,695 மீட்டர். நம் தொட்டபெட்டா 2,637. ஐம்பத்தெட்டு மீட்டரில் போச்சு.

"நம்ம ஏரியாவுல மலையே இல்லையாப்பா?"

கொடுங்கையூர் குப்பைமேடு நாக்கு நுனிவரை வந்தது, அடக்கிக்கொண்டேன்.

அவன் சும்மா ஸ்கேலைத் திருவொற்றியூரில் வைத்து நேர்க் கிழக்கே கடலுக்குள் கோடு இழுத்தான். கோடு வட அந்தமானில் போய் முட்டியது. தேடிப் பார்த்தால் அங்கே சேடில் பீக், 732 மீட்டர், அந்தமான் நிகோபாரிலேயே உயரமானது. நாங்களும் அதுவும் ஏறக்குறைய ஒரே அட்சரேகை. மலை என்றால் மேற்கே என்றுதான் இத்தனை வருஷமும் நினைத்திருந்தேன்!

அதற்குக் கொஞ்சம் தென்கிழக்கே பாரன் தீவு. ஆள் இல்லாத தீவு, இந்தியாவில் இன்றும் உயிரோடிருக்கும் ஒரே எரிமலை. நூறு வருஷத்துக்கு மேல் தூங்கிவிட்டு 1991-ல் விழித்துக்கொண்டது. வெளியே தெரிவது ஏதோ 350 மீட்டர்தான். அடிவாரம் கடலுக்குள் இரண்டு கிலோமீட்டருக்கும் கீழே. நம் நிலத்தட்டு அங்கே இன்னொரு தட்டுக்கு அடியில் போய்ச் செருகுகிறது, அதில்தான் எரிமலையே பிறந்தது.

அதே செருகல் 2004 டிசம்பர் 26-ல் உதறியதைத்தான் நாங்கள் சுனாமி என்று தெரிந்துகொண்டோம். ஞாயிற்றுக்கிழமை காலை. குப்பத்து ஃபைபர் படகு ஒன்று ரோட்டோரம் குப்புறக் கிடந்தது, வலை அதன் மேலேயே சுற்றிக்கொண்டு. இவன் அப்போது பிறக்கவில்லை. கொஞ்சம் சொன்னேன், மிச்சத்தை விட்டுவிட்டேன்.

வாங்கிய மேப்பில் பாரன் தீவே இல்லை. வெறும் கடலில் முக்கோணம் போட்டு, சிவப்பு ஸ்கெட்ச் பேனாவில் புகையும் விட்டான். பொள்ளாச்சிப் பக்கம் நான் அழித்த இடம்தான் கொஞ்சம் கறுத்துப்போயிருக்கிறது.