லைனில் இருப்பது யார்?

எங்கள் வேலையில் பாதி, "இது நீங்கதானா?" என்று கேட்பது. மீதிப் பாதி, வருகிற பதிலை நம்பலாமா என்று பார்ப்பது. சைபர் செக்யூரிட்டி என்றதும் கறுப்புத் திரையில் பச்சை எழுத்து ஓடும் என்று எதிர்பார்ப்பவர்களுக்கு இது சப்பென்று இருக்கும். நான் இருப்பது எஸ்ஓசி என்கிற கண்காணிப்பு மையத்தில். பல நிறுவனங்களின் லாகின், சர்வர், லேப்டாப் பதிவுகள் எல்லாம் ஒரே இடத்தில் வந்து கொட்டும். சந்தேகப்படும்படி ஏதாவது தெரிந்தால் அலர்ட் அடிக்கும். ஷிப்டில் இருப்பவர் அதை எடுத்துப் பார்த்து, நிஜமா பொய்யா என்று முடிவு சொல்ல வேண்டும். அலுவலகம் சென்னை ஓஎம்ஆரில். மாதத்தில் பெரும்பாலான நாட்கள் நான் வேலை பார்ப்பது கடலூரில், திருப்பாதிரிப்புலியூர் வீட்டின் மாடி அறையில்.

'இம்பாசிபிள் டிராவல்' என்று ஓர் அலர்ட் உண்டு. ஒருவர் பத்து மணிக்குச் சென்னையிலிருந்து லாகின் செய்கிறார். பத்து இருபதுக்கு அதே கணக்கு மும்பையிலிருந்து உள்ளே வருகிறது. விமானத்தில் போனாலும் முடியாது, அதனால் பாஸ்வேர்டு திருடு போயிருக்கலாம் என்று மென்பொருள் கணக்குப் போடும். எல்லோரும் ஆபீசில் உட்கார்ந்திருந்த காலத்தில் இது எப்போதாவதுதான் வரும். வந்தால் நிமிர்ந்து உட்காருவோம். வீட்டிலிருந்து வேலை என்று ஆனபிறகு கதை மாறிவிட்டது. வீட்டு பிராட்பேண்டின் ஐபி முகவரி, அதாவது இணையத்தில் அந்த இணைப்பின் அடையாள எண், ஓர் ஊரைக் காட்டும். கரண்ட் போய், ஆள் செல்போன் ஹாட்ஸ்பாட்டுக்கு மாறினால் இன்னோர் ஊரைக் காட்டும். செல்போன் கம்பெனி எந்த நகரத்தின் வழியாக நம்மை இணையத்துக்குள் விடுகிறதோ, அந்த நகரம்தான் பதிவில் விழும். புதுச்சேரி லாஸ்பேட்டையில் நாற்காலியை விட்டு எழுந்திருக்காத மனிதர் பத்தே நிமிடத்தில் பெங்களூரு போய்விடுவார். மின்வாரியத்தின் மாதாந்திரப் பராமரிப்பு நாட்களில், "இன்னைக்குப் பண்ருட்டிப் பக்கம் ஷட்டவுன் போல" என்று அலர்ட்டை வைத்தே நாங்கள் சொல்லிவிடுவோம்.

வேடிக்கைதான். ஆனால் அத்தனை பொய்களுக்கு நடுவில் ஒரு நிஜமும் வரும் என்பதால் ஒவ்வொன்றையும் விசாரித்தே ஆக வேண்டும். முன்பென்றால் அந்த நிறுவனத்தின் ஐடி ஆள் எழுந்து, இரண்டு மேசை தள்ளிப் போய், "மேடம், இப்ப நீங்க லாகின் பண்ணீங்களா?" என்று கேட்டுவிட்டு வருவார். இப்போது போன்தான்.

ஒருமுறை முத்தியால்பேட்டையில் வீட்டிலிருந்து வேலை செய்யும் ஒரு கணக்குப் பிரிவு அம்மாவை அழைத்தேன். ரிங் போகும் முன்பே என் காதில் அரசாங்கத்தின் சைபர் மோசடி எச்சரிக்கை ஓடியது: தெரியாதவர்கள் போனில் சொல்வதை நம்பி ஏமாற வேண்டாம் என்கிற ரீதியில். அது முடிந்து அவர் எடுத்தார். அவருக்கு நான் அறிமுகமே இல்லாத ஒரு நம்பர்.

"மேடம், உங்க கம்பெனிக்கு செக்யூரிட்டி பாக்குற டீம்லேருந்து பேசுறேன்."

"நீங்க யாருன்னு நான் எப்படிம்மா நம்புறது?"

"நம்ப வேண்டாம் மேடம். கட் பண்ணிட்டு உங்க ஹெல்ப்டெஸ்க்குக்கு நீங்களே போன் பண்ணுங்க. அவங்க எங்களுக்கு கனெக்ட் பண்ணுவாங்க. நம்பர்..."

"நம்பர் நீங்க சொல்லாதீங்க. நானே பாத்துக்குறேன்."

வைத்துவிட்டார். அன்றைய ஷிப்டில் நான் கேட்டதிலேயே நல்ல பதில் அதுதான். கொஞ்ச நேரத்தில் ஹெல்ப்டெஸ்க் வழியாகவே லைனில் வந்தார். கரண்ட் போனதால் மகனின் போனில் ஹாட்ஸ்பாட் போட்டிருக்கிறார், அவ்வளவுதான். அந்த அலர்ட்டுக்கான புகார்ப் பதிவை, அதாவது டிக்கெட்டை, மூடினேன்.

தூரத்திலிருந்து பார்த்தால் நாங்களும் திருடனும் ஒரே மாதிரி இருக்கிறோம். அவனும் போன் செய்கிறான், அவனும் அவசரம் என்கிறான், அவனும் ஐடியிலிருந்து பேசுவதாகத்தான் சொல்கிறான். 2022 செப்டம்பரில் உபர் நிறுவனத்துக்குள் ஒருவர் இப்படித்தான் நுழைந்தார். ஒப்பந்த ஊழியர் ஒருவரின் பாஸ்வேர்டு கையில் இருந்தது. அவருடைய போனுக்கு 'நீங்கள்தானா, அனுமதிக்கவா' என்ற கேள்வியைத் திரும்பத் திரும்ப அனுப்பினார். போதாததற்கு ஐடி ஆள் என்று சொல்லி வாட்ஸ்அப்பிலும் செய்தி போட்டதாகப் பிறகு அவரே சொன்னார். கடைசியில் அந்த ஊழியர் ஒரு தடவை சரி என்று அழுத்திவிட்டார். ஐடிக்காரரின் முகம் தெரிந்திருந்தால் அழுத்தியிருப்பாரா? சொல்ல முடியாது. ஆனால் எழுந்து போய்க் கேட்க ஒரு மேசையாவது இருந்திருக்கும்.

2020 மார்ச் வரை எஸ்ஓசி வீட்டுக்குப் போகும் என்று எங்களில் யாரும் நினைக்கவில்லை. கார்டு தேய்த்தால்தான் கதவு திறக்கும், செல்போனை லாக்கரில் வைத்துவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும், சுவர் நிறையத் திரைகள். ஊரடங்கு வந்ததும் ஒரு லேப்டாப்பும், ஆபீஸ் நெட்வொர்க்குக்குள் பாதுகாப்பாக வர ஒரு விபிஎன்னும் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். பிபிஓ மாதிரியான நிறுவனங்கள் ஆட்களை வீட்டிலிருந்து வேலை செய்ய வைக்க அதுவரை தொலைத்தொடர்புத் துறையில் பதிவு, வங்கி உத்தரவாதம் என்று கெடுபிடிகள் இருந்தன. 2020 நவம்பரில் அவற்றையும் தளர்த்தினார்கள். நான் வேளச்சேரி அறையைக் காலி செய்துவிட்டு ஊர் வந்து சேர்ந்தேன். சம்பளம் கையில் தங்கியது, அம்மாவின் கண் ஆபரேஷனுக்குப் பக்கத்தில் இருக்க முடிந்தது, பிள்ளை தாத்தாவோடு பள்ளிக்கூடம் போகிறான். இதையெல்லாம் சின்ன விஷயம் என்று பேசும் மேலாளர்களோடு எனக்கு ஒத்துப்போகாது.

வீட்டிலும் ஓட்டைகள் உண்டு. எங்கள் தெருவில் ஃபைபர் மாட்ட வரும் தம்பி வைத்துவிட்டுப் போகிற வைஃபை பாஸ்வேர்டு, பெரும்பாலும் வீட்டுக்காரரின் செல் நம்பர்தான். பாஸ்வேர்டுகளைப் பூட்டி வைப்பதையே தொழிலாகக் கொண்ட லாஸ்ட்பாஸ் நிறுவனத்தில் 2022இல் நடந்த திருட்டில், ஒரு மூத்த இன்ஜினியரின் வீட்டுக் கணினியில் இருந்த பழைய மீடியா மென்பொருள் வழியாகத்தான் உள்ளே வந்தார்கள். அந்த ஓட்டைக்கான அப்டேட் 2020லேயே வந்துவிட்டது. அவர் போடவில்லை. சரி, இதற்கெல்லாம் மருந்து இருக்கிறது. அப்டேட், தனி லேப்டாப், தனி நெட்வொர்க் என்று பட்டியல் போட்டுச் சமாளித்துவிடலாம்.

பட்டியலில் அடங்காதது வேறு. 2021இல் வில்லியனூரிலிருந்து ஒரு பையன் எங்கள் டீமில் சேர்ந்தான். கெட்டிக்காரன். ஆனால் ஆபீஸ் படியை மிதிக்காமலே ஷிப்டுக்கு வந்தவன். அவனிடமிருந்து கேள்வியே வராது. சாட்டில் அவன் பெயருக்குக் கீழே 'டைப் செய்கிறார்' என்று வரும், நிற்கும், மறுபடி வரும், மறைந்துவிடும். கடைசியில் எதுவும் வராது. ஒருநாள் நானே போன் போட்டு, "என்னப்பா கேக்க வந்த?" என்றேன்.

"ஒண்ணுமில்லக்கா. பவர்ஷெல் அலர்ட் ஒண்ணு. சின்ன டவுட்தான். எழுதிப் பாத்தா எனக்கே ஒரு மாதிரி இருந்துச்சு, இதுகூடத் தெரியாதான்னு நெனப்பீங்கன்னு அழிச்சிட்டேன்."

பவர்ஷெல் என்பது விண்டோஸ் கணினிக்குக் கட்டளை எழுதும் கருவி. அவன் பார்த்துக்கொண்டிருந்தது, யாருக்கும் புரியாதபடி சுருட்டி எழுதப்பட்ட ஒரு பவர்ஷெல் கட்டளை. பார்த்த உடனே வயிறு கலங்கும் வகை. "அது யாருக்குப் பொறந்ததுன்னு பாரு" என்றேன். வேர்டு ஃபைலைத் திறந்ததும் அதிலிருந்து பவர்ஷெல் கிளம்பியிருந்தால் உடனே அந்த லேப்டாப்பை நெட்வொர்க்கிலிருந்து துண்டிக்க வேண்டும். ஐடி துறையின் நிர்வாக மென்பொருளிலிருந்து, எல்லாக் கணினிகளிலும் ஒரே நேரத்தில் கிளம்பியிருந்தால், அநேகமாக அது யாரோ எழுதிய கணக்கெடுப்பு ஸ்கிரிப்ட். பார்த்தான். இரண்டாவது வகை. ஒரு நிமிட வேலை. அதற்கு முன் அவன் அரை மணி நேரம் தனியாகத் தவித்திருக்கிறான்.

நான் இதை யாரிடமும் கேட்டுக் கற்றுக்கொள்ளவில்லை. ஆபீசில் பக்கத்து நாற்காலி அண்ணன் தனக்குத் தானே முணுமுணுப்பார்: "பேக்கப் சர்வர் எதுக்குய்யா பகல்ல பேசுது?" அது காதில் விழும். இரண்டு நிமிடம் கழித்து, "ஓ, நேத்து ஃபெயில் ஆனதைத் திரும்ப ஓட விட்டிருக்கானுவ" என்பார். அதுவும் விழும். கேட்காமலே பாடம் நடந்துவிடும். வீட்டில் ஒவ்வொரு சந்தேகத்தையும் வாக்கியமாக எழுதி அனுப்ப வேண்டியிருக்கிறது, அனுப்பிய வாக்கியம் அழியாமல் கிடக்கிறது. சந்தேகப்படுவதற்கே சம்பளம் வாங்கும் வேலையில் சந்தேகத்தைச் சொல்லக் கூச்சப்படுகிறோம்.

இதற்கு ஓரளவு வழி கிடைத்தது தற்செயலாகத்தான். 2021 டிசம்பர் 10, வெள்ளிக்கிழமை. லாக்4ஜே என்ற ஜாவா மென்பொருள் துண்டில் பெரிய ஓட்டை என்று உலகமே அலறியது. ஆபத்துக்குப் பத்துக்குப் பத்து மதிப்பெண் வாங்கிய ஓட்டை. எந்த சர்வரில் அது ஒளிந்திருக்கிறது என்று சொந்தக்காரர்களுக்கே தெரியாது. அந்த சனி, ஞாயிறு முழுக்க டீம் எல்லோரும் சேர்ந்த ஒரு குரல் லைனைத் திறந்தே வைத்திருந்தோம். பேச விஷயம் இருந்தால் பேசுவோம், இல்லாவிட்டால் விசைப்பலகை சத்தம் மட்டும் கேட்கும். நடுவே வில்லியனூர் கோயில் மணி. அதன்பிறகு ஷிப்ட் முழுக்கக் குரல் மட்டும் திறந்திருக்கட்டும், கேமரா வேண்டாம் என்று வைத்துக்கொண்டோம். வில்லியனூர் பையன் இப்போது அதில் சத்தமாகவே முணுமுணுக்கிறான். புதிதாக வந்தவர்கள் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

2022 ஏப்ரலில் மத்திய அரசின் சைபர் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன் போட்ட உத்தரவுப்படி, பட்டியலில் உள்ள சைபர் சம்பவங்கள் கண்ணில் பட்டால் ஆறு மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும். இரவு இரண்டு மணிக்குப் பார்த்தால் காலை எட்டுக்குள். யாரை எழுப்புவது, அவர் தூக்கக் கலக்கத்தில் சொன்ன 'சரி'யை ஒப்புதலாக எடுத்துக்கொள்ளலாமா என்பதெல்லாம் ஆளோடு பழகியிருந்தால்தான் தெரியும்.

2024 ஜூலை 19 அன்று நடந்ததைச் சொல்ல வேண்டும். ஒரு பாதுகாப்பு மென்பொருளின் பிழையான அப்டேட்டால், மைக்ரோசாஃப்ட் கணக்குப்படி உலகெங்கும் சுமார் 85 லட்சம் விண்டோஸ் கணினிகள் நீலத் திரையோடு படுத்தன. நம் ஊரில் காலை பத்து மணி வாக்கில். தூரத்திலிருந்து சரிசெய்ய வழியில்லை. ஒருவர் கணினி முன் உட்கார்ந்து, சேஃப் மோடில் ஏற்றி, ஒரு ஃபைலை அழிக்க வேண்டும். டிஸ்க் பூட்டப்பட்டிருந்தால் அதற்கு முன் 48 இலக்க மீட்பு எண்ணை அடிக்க வேண்டும். ஹெல்ப்டெஸ்க்கில் ஆள் போதாமல் எங்களையும் இழுத்துவிட்டார்கள். நெல்லிக்குப்பத்திலிருந்து ஒரு விற்பனை மேலாளர் லைனில். லேப்டாப்பே திறக்க முடியாத ஆளை எந்த வழியில் சரிபார்ப்பது? அந்த எண் யார் கையில் போகிறதோ அவர் கையில் மொத்த டிஸ்க்கும் போகிறது. அவருடைய மேலதிகாரியையும் லைனில் சேர்த்தோம். அவர் எடுத்த எடுப்பில், "யோவ், போன வாரம் திண்டிவனத்துல யாருய்யா பில் குடுத்தா?" என்றார். "நீங்க எங்க சார் குடுத்தீங்க, நான்தான் குடுத்தேன்!" என்று பதில் வந்த வேகத்திலேயே ஆள் அவர்தான் என்று தெரிந்தது. ஆறு ஆறு இலக்கமாக எட்டுத் தடவை வாசித்தேன். எந்த விதிமுறைப் புத்தகத்திலும் திண்டிவனம் பில் கிடையாது. ஆனால் அந்த இருவரும் ஒன்றாக ஊர் சுற்றியவர்கள்.

ஆட்கள் சிதறி இருந்தால் ஆபத்தும் சிதறும் என்று ஒரு நம்பிக்கை உண்டு. அதையும் புயல் சோதித்தது. அந்த வார ஷிப்டில் நான் கடலூர், பையன் வில்லியனூர், இன்னொருவர் விழுப்புரம். காகிதத்தில் மூன்று ஊர். 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தது. புதுச்சேரியில் கிட்டத்தட்ட அரை மீட்டர் மழை. அடுத்து சாத்தனூர் அணையிலிருந்து ஒன்றரை லட்சம் கன அடிக்கு மேல் தண்ணீரைத் திறக்க, தென்பெண்ணை கடலூருக்குள் வந்துவிட்டது. இன்வெர்ட்டர் தீர்ந்தது, டவர் விழுந்தது, மூன்று ஊரும் ஒன்றாக அமைதியாகின. கோயம்புத்தூர்க்காரர் ஒருவர்தான் தூங்காமல் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டார். 2011இல் 'தானே' புயலைப் பார்த்த எந்தக் கடலூர்க்காரரைக் கேட்டிருந்தாலும், இந்த மூன்றும் ஒரே ஊர் மாதிரிதான் என்று முதலிலேயே சொல்லியிருப்பார். இப்போது ஷிப்டில் ஒருவராவது மேற்கேயோ தெற்கேயோ இருக்க வேண்டும் என்று வைத்திருக்கிறார்கள்.

அப்புறம், ஹைபிரிட் என்கிற வீடு பாதி, ஆபீஸ் பாதி ஏற்பாடு. மாதத்தில் சில நாட்கள் ஏறக்குறைய 180 கிலோமீட்டர், கிழக்குக் கடற்கரைச் சாலை பஸ்ஸில் விடியுமுன் ஏறிப் போகிறேன். போய் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, வீட்டில் இருப்பவர்களோடு அதே குரல் லைனில் உட்காருவதென்றால் அந்தப் பஸ் டிக்கெட் தண்டம். வருகைப் பதிவுக்காக மட்டும் கூப்பிடுகிறார்கள் என்று முணுமுணுப்பு இருக்கிறது; அதில் நியாயமும் இருக்கிறது. என் கட்சி, ஆபீஸ் நாளில் அலர்ட் பார்க்கவே கூடாது என்பது. அன்று பழைய சம்பவங்களை எடுத்துப் போட்டுச் சண்டை பிடிக்க வேண்டும், வாடிக்கையாளரின் ஹெல்ப்டெஸ்க் ஆட்களை வரவழைத்து மதியம் சேர்ந்து சாப்பிட வேண்டும். இரண்டு முறை அப்படி நடத்தவும் ஒப்புக்கொண்டார்கள். மூன்றாம் முறை ஏதோ ஆடிட் வந்துவிட்டது.

ஆள் எடுப்பதில் மட்டும் நான் கண்டிப்பு. 2024இல் அமெரிக்காவில் பாதுகாப்புப் பயிற்சி தரும் ஒரு நிறுவனமே, வீடியோவில் நான்கு முறை பேட்டி எடுத்து, வேறொருவரின் அடையாளத்தில் வந்த வடகொரிய ஆளை வேலைக்குச் சேர்த்துவிட்டது. அனுப்பிய லேப்டாப் கைக்குப் போனதும் அதில் தீய மென்பொருளை ஏற்றத் தொடங்கிய பிறகே பிடித்தார்கள். எனவே கடைசிச் சுற்று நேரில், முதல் மாதம் ஆபீசில் என்று எங்கள் டீமில் கேட்டு வாங்கியிருக்கிறோம். புதுச்சேரியிலிருந்து வந்த ஒரு பெண், "வேலை வீட்டுலேருந்துதானே மேடம், இதுக்கு எதுக்கு நேர்ல?" என்று கேட்டாள். நல்ல கேள்வி. சேரட்டும், மேலே எழுதியதை எல்லாம் சொல்கிறேன். அதற்குள் சோழிங்கநல்லூர் பக்கம் ஒரு மாதத்துக்கு மட்டும் பெண்கள் விடுதியில் இடம் கிடைக்குமா என்று விசாரிக்க வேண்டும். கேட்ட இடத்தில் எல்லாம் மூன்று மாத அட்வான்ஸ் சொல்கிறார்கள்.