வடமேற்கு எல்லையில் விமானங்கள்: ஒரு பழைய ஃபிட்டரின் நாட்குறிப்பு

செப்டம்பர் 28, 2025

வடமேற்கு எல்லைக்கு விமானம் வந்த கதையில் ஒரு வாரமாக மூழ்கிக் கிடக்கிறேன். பிரிட்டிஷ் இந்தியாவின் ஓரம் அது. இன்றைக்குப் பாகிஸ்தான் - ஆப்கானிஸ்தான் எல்லை. 1915 கடைசியில் பிரிட்டிஷ் விமானப்படையின் 31-ஆம் ஸ்குவாட்ரனின் (விமானப் பிரிவின்) முதல் ஆட்கள் கப்பலில் வந்து இறங்கி, பெஷாவரை அடுத்த ரிசால்பூரில் முகாம் போட்டார்கள். கையில் இருந்தது பி.ஈ.2சி ரக விமானம். 90 குதிரைத்திறன் இன்ஜின், மரச்சட்டம், துணி இறக்கை.

இங்கிலாந்துக் குளிருக்குச் செய்த இன்ஜின் அது. சூட்டில் காற்று லேசாகிவிடும், உயரம் போகப் போக இன்னும் லேசாகும். இன்ஜினுக்கு மூச்சு வாங்கும். முகட்டைத் தாண்ட முடியாது என்பதால் பள்ளத்தாக்குக்குள்ளேயே பறந்திருக்கிறார்கள். பட்டாணியர் சரிவில் உட்கார்ந்துகொண்டு, கீழே போகும் விமானத்தை மேலிருந்து குறி வைத்துச் சுட்டார்கள். இதை முதலில் நம்பவில்லை. அப்புறம் வெவ்வேறு இடங்களில் அதையே பார்த்ததும், சரி என்று ஒத்துக்கொண்டேன்.

அக்டோபர் 1

இன்று மூன்றாம் ஆப்கன் போர். 1919 மே மாதம் ஆப்கன் மன்னர் அமீர் அமானுல்லாவின் படை கைபர் பக்கம் எல்லை தாண்டியது. பி.ஈ.2சி-க்கள் ஜலாலாபாத் வரைக்கும் போய்க் குண்டு போட்டன. காபூல் அவற்றுக்கு எட்டாது.

எட்டக்கூடிய விமானம் இந்தியாவிலேயே ஒன்றுதான் இருந்தது. நான்கு ரோல்ஸ்ராய்ஸ் ஈகிள் இன்ஜின்கள், 126 அடி இறக்கை கொண்ட ஹேண்ட்லி பேஜ் வி/1500. பெர்லினைத் தாக்குவதற்காகக் கட்டிய ரகம்; அதற்குள் உலகப்போர் முடிந்துவிட்டது. இங்கிலாந்திலிருந்து இந்தியாவுக்கு முதன்முதலில் பறந்து வந்ததும் இதே விமானம்தான். மே 24-ஆம் தேதி கேப்டன் ஹாலி அதை ரிசால்பூரிலிருந்து கிளப்பிக்கொண்டு போனார். 112 பவுண்டு குண்டு நான்கு, 20 பவுண்டு குண்டு பதினாறு. மூன்று மணி நேரம் பறந்து காபூல் அரண்மனை வளாகத்தின் மேல் போட்டார். சேதம் பெரிதில்லை, பீதிதான் பெரிது. அந்தப்புரத்துப் பெண்கள் தெருவுக்கு ஓடி வந்தார்களாம். ஜூன் தொடக்கத்தில் சண்டை நின்றது. ஒரே விமானம் போரை முடித்துவிட்டது என்று அப்போதே பேச ஆரம்பித்துவிட்டார்கள். எனக்கு அது கொஞ்சம் அதிகமாகப் படுகிறது. அதே ஜூன் தொடக்கத்தில் தல் கோட்டை முற்றுகையை உடைத்த காலாட்படையையும் கணக்கில் சேர்க்க வேண்டாமா?

அமானுல்லா வைஸ்ராய்க்கு எழுதியதில் ஒரு நியாயம் இருந்தது. லண்டன் மேல் ஜெர்மன்காரன் ஜெப்பெலின் வான்கப்பலில் வந்து குண்டு போட்டபோது அதைக் காட்டுமிராண்டித்தனம் என்றீர்கள், இப்போது நீங்களே செய்கிறீர்களே என்று கேட்டிருந்தார்.

அக்டோபர் 3

இதைப் படித்துவிட்டு ராத்திரி வெகுநேரம் தூக்கம் வரவில்லை. 1922-இல் ஏர் வைஸ் மார்ஷல் ஜான் சால்மண்ட் இந்தியாவிலுள்ள ஸ்குவாட்ரன்களைப் பார்வையிட வந்தார். 70 விமானம் இருக்கவேண்டிய இடத்தில், பறக்கிற நிலையில் 7. டயர் இல்லாமல் வெறும் ரிம்மில் ஓடிக் கிளம்பிய விமானங்கள் உண்டு. அச்சை நாட்டுக் கயிற்றால் கட்டியிருந்தார்கள்.

கயிறு! நான் இன்ஜின் ஃபிட்டராக இருந்தவன். நட்டு கழலாமல் பிடிக்கிற சின்ன ஸ்ப்ளிட் பின் ஒன்று கணக்கில் குறைந்தால் ஹேங்கரை விட்டு யாரும் வெளியே போக முடியாது. அச்சைக் கயிற்றால் கட்டிவிட்டு, லாக் புத்தகத்தில் கையெழுத்தும் போட்டுவிட்டு, அந்த வண்டி கிளம்புவதை ஒரு ஏர்மேன் எப்படி நின்று பார்த்திருப்பான்? அவன்மேல் குற்றம் சொல்ல மாட்டேன். விமானப்படைக்கான காசு இந்தியத் தரைப்படையின் பட்ஜெட்டிலிருந்து வரவேண்டும். தரைப்படைக்கோ தன் செலவே பெரிது. உதிரி பாகம் வரவில்லை, அவ்வளவுதான் விஷயம். சால்மண்டின் அறிக்கைக்குப் பிறகுதான் பணம் இறங்கியது.

அக்டோபர் 4

1925, எல்லையோர மலைப்பகுதியான தெற்கு வஜிரிஸ்தான். விங் கமாண்டர் பிங்க் தலைமையில், தரைப்படை இல்லாமல் விமானப்படை மட்டும் நடத்திய சண்டை. மார்ச் 9 முதல் மே 1 வரை. மூன்று ஸ்குவாட்ரன்கள், பிரிஸ்டல் ஃபைட்டர், டி.எச்.9ஏ விமானங்கள். முறை இதுதான்: முதலில் நோட்டீஸ் போடுவது, கெடு முடிந்ததும் குண்டு. ஜனங்கள் ஊரை விட்டுக் குகைக்குப் போய்விடுவார்கள். அதற்கப்புறம் வயலுக்கும் மேய்ச்சலுக்கும் திரும்பவிடாமல் பகலும் இரவும் மேலே சுற்றிக்கொண்டே இருப்பது. கடைசியில் அங்கிருந்த பட்டாணியக் குழுவினரான மசூதுகள் பேச்சுவார்த்தைக்கு வந்தார்கள்.

லண்டனுக்கு இது பிடித்துப்போனதற்குக் காரணம் செலவு. படையணி ஒன்றை மலைக்கு அனுப்ப ஒட்டகம், கோவேறு கழுதை, ரேஷன், சாலை, காவல் எல்லாம் வேண்டும். விமானத்துக்குப் பெட்ரோலும் குண்டும் போதும். மலிவான வழி என்று முடிவானதும், விதைக்கிற காலத்தில் வயலை இழந்தவனைப் பற்றிய பேச்சு ஃபைலில் கீழே போய்விட்டது.

மாட்டினால் விமானிக்கும் கதி மோசம்தான். அதனால் சட்டைப்பையில் ஒரு சீட்டு வைத்திருப்பார்கள். இவரை முழுசாகக் கொண்டுவந்து ஒப்படைத்தால் வெகுமதி உண்டு என்று உருதுவிலும் பஷ்தோவிலும் அச்சடித்தது.

அக்டோபர் 6

காபூலில் சிக்கிய ஆட்களை விமானத்தில் மீட்டு வந்தது: 1928 டிசம்பர் 23 முதல் 1929 பிப்ரவரி 25 வரை, 586 பேர். அமானுல்லாவுக்கு எதிரான கலகத்தில் பிரிட்டிஷ் தூதரகம் இரண்டு தரப்புக்கும் நடுவில் மாட்டிக்கொண்டது. விக்கர்ஸ் விக்டோரியா விமானங்கள் நடுக்குளிரில் பத்தாயிரம் அடி மலைகளைத் தாண்டிப் போய் வந்தன. அந்த நேரத்தில் வஜிரிஸ்தானின் மிரான்ஷா கோட்டையில் ஒரு சாதாரண ஏர்மேன் குமாஸ்தா வேலை பார்த்துக்கொண்டிருந்தார்: முதல் உலகப்போரில் அரபுக் கிளர்ச்சியில் பேர் வாங்கிய ‘அரேபியா லாரன்ஸ்’, ஷா என்ற பெயரில். கலகத்தையே அவர்தான் மூட்டிவிட்டார் என்று பத்திரிகைகள் எழுதின. மனிதர் முள்வேலியைக்கூடத் தாண்டவில்லை. ஆனாலும் ஊருக்கு அனுப்பிவிட்டார்கள்.

அக்டோபர் 8

விமானப்படை தினம். பேத்தி கேட்டாள்: “தாத்தா, நம்ம ஏர்ஃபோர்ஸ் முதல்ல யாரோட சண்டை போட்டுச்சு?”

1932 அக்டோபர் 8-இல் சட்டப்படி பிறந்தது. 1933 ஏப்ரல் 1-இல் கராச்சி டிரிக் ரோட்டில் முதல் ஸ்குவாட்ரன், நான்கு வாப்பிட்டிகளோடு. டி.எச்.9ஏ-வின் உதிரி பாகங்கள் வீணாகக் கூடாதென்று அவற்றை வைத்து வடிவமைத்த விமானம் அது. தரையில் வேலை பார்த்தவர்களுக்கு ஹவாய் சிப்பாய் என்று பதவிப் பெயர். எங்கள் பரம்பரை அங்கேதான் ஆரம்பிக்கிறது. லாகூரில் இன்ஜினியரிங் படித்துவிட்டு ஹவாய் சிப்பாயாகச் சேர்ந்த ஹர்ஜிந்தர் சிங், பிற்பாடு ஏர் வைஸ் மார்ஷல் ஆனார்.

அந்த ஸ்குவாட்ரன் 1937-இல் மிரான்ஷா போனது. எதிரில் இருந்தது, பிரிட்டிஷாரை எதிர்த்த பட்டாணியத் தலைவர் இபி ஃபக்கீரின் ஆட்கள். ஆக, பேத்திக்கு நேரான பதில்: மலைவாசி பட்டாணியரோடு, வெள்ளைக்காரன் உத்தரவில். அப்படியே சொன்னேன். “அவங்க நம்ம ஆளுங்க இல்லையா?” என்றாள். அன்றைய வரைபடத்தில் நம்ம ஆட்கள்தான் என்றேன்.

அக்டோபர் 11

கீழ்வீட்டு வாத்தியார் இதையெல்லாம் கேட்டுவிட்டு, “சார், அப்போ நம்ம பைலட்டுகளுக்கு மனசு உறுத்தியிருக்காதா?” என்றார். அவர்கள் மனசுக்குள் போக நான் யார்? நடந்ததைச் சொன்னேன். அர்ஜன் சிங் இளம் அதிகாரியாக வஜிரிஸ்தானில் பறந்தபோது, ரைஃபிள் குண்டு பட்டு இரு தரப்புக்கும் நடுவே இறங்க வேண்டியதாயிற்று. அவருடைய கன்னர் (பின்சீட்டில் துப்பாக்கி பிடிப்பவர்) பதற்றத்தில் எதிரிப் பக்கமாகவே ஓட, முகத்தில் அடிபட்ட இவர் துரத்திப் பிடித்துத் திருப்பிக் கூட்டி வந்தார்.

சுப்ரோதோ முகர்ஜி, ஆஸ்பி இன்ஜினியர், அர்ஜன் சிங். சுதந்திர இந்தியாவின் விமானப்படைக்கு வரிசையாகத் தலைமை தாங்கிய முதல் மூன்று இந்தியர்களும் வஜிரிஸ்தான் மலைகளுக்கு மேல் பறந்தவர்கள். வாத்தியாருக்கு இது புதுச் செய்தி. அடுத்த வாரம் பள்ளியில் பேச வரச்சொல்லியிருக்கிறார், பி.ஈ.2சி படம் ஒன்று பெரிதாக அச்செடுக்க வேண்டும்.