ஊர் இல்லாத மொழி
1947-இல் பஞ்சாபும் வங்காளமும் இரண்டாகப் பிரிந்தன. சிந்து முழுசாகவே பாகிஸ்தானுக்குப் போய்விட்டது. இங்கே வந்த சிந்தி இந்துக்களுக்குத் தங்கள் மொழிக்கென்று ஒரு மாநிலம் கிடைக்கவே இல்லை. நினைத்தாலே மனசு கனக்கிறது.

கராச்சியில் கப்பலேறி பம்பாயில் இறங்கியவர்களில் பலர், கல்யாண் பக்கத்தில் காலியாகக் கிடந்த ராணுவ முகாமில் தங்கினார்கள். ஒரே கொட்டகைக்குள் சாக்குத்துணியைத் திரையாகக் கட்டிப் பல குடும்பங்கள். அந்த முகாம்தான் 1949-இல் உல்லாஸ்நகர் ஆனது.

அப்புறம் அந்த மொழி! அரபு வரிவடிவத்தில் 52 எழுத்துகள். அதில் நான்கு ஒலிகளை மூச்சை உள்ளே இழுத்துச் சொல்ல வேண்டும். எனக்கு இன்னும் சரியாக வரவில்லை. இந்திய அரசியலமைப்பில் அங்கீகரிக்கப்பட்ட மொழிகளின் பட்டியலான எட்டாவது அட்டவணையில் சேரவே 1967 ஆகிவிட்டது. இப்போது பல வீடுகளில் பாட்டி சிந்தியில் கேட்கிறார், பேத்தி இந்தியில் பதில் சொல்கிறாள்.