படுகளத்துத் துரியோதனன்

ஆற்காடு, வேலூர் பக்கம் திரௌபதி அம்மன் கோயில்களில், பாரதக் கூத்தில் 18ஆம் நாள் போர் முடிகிற காலையில், படுகளத்தில் (போரில் விழுந்துகிடக்கும் களம்) துரியோதனன் மண் உருவமாய் மல்லாந்து கிடப்பான். 50, 60 அடி நீளம் சாதாரணம்.

முதலில் கயிறு பிடித்துத் தலை, இடுப்பு, பாதம் குறித்துவிட வேண்டும். மண்ணைக் கொட்டித் தண்ணீர் தெளித்து, மிதித்து மிதித்து ஏற்றுவார்கள். தண்ணீர் கூடினால் மார்பு சரியும். வெறும் களிமண் என்றால் வெயிலில் பாளம் பாளமாக வெடிக்கும், மணல் கலந்தே ஆகணும். கால் பக்கம் நின்று பார்ப்பவனுக்குத் தலை சிறுத்துத் தெரியும் என்பதால் முகத்தைக் கொஞ்சம் பெரிதாகவே வைப்பது நல்லது. மீசையில் மட்டும் கஞ்சத்தனம் கூடாது!

சூட்சுமம் தொடையில்தான். குங்குமம் கரைத்த சட்டியை அங்கே புதைத்து, மேலே மெல்லிசாக மண் பூசுவார்கள். பூச்சு தடித்தால் பீமனின் கதாயுதம் பட்டும் சட்டி உடையாது. உடைந்து சிவப்பு வழிந்தால்தான் பாஞ்சாலி கூந்தல் முடிவாள். சாயங்காலம் தீமிதி.