காணவில்லை என்று எழுதப்பட்டவள்

கல்யாணமாகிப் பன்னிரண்டாம் நாள் என் கணவருடைய நண்பர் போனுக்கு இன்ஸ்பெக்டர் கூப்பிட்டார். "பொண்ணோட அப்பா ஹைகோர்ட்ல ஆட்கொணர்வு மனு போட்டிருக்காரு. ஸ்டேஷனுக்கு வந்து எழுதிக் கொடுத்துட்டுப் போங்க."

ஒருவரைச் சட்டவிரோதமாக அடைத்து வைத்திருந்தால், அவரைக் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லிப் போடுகிற மனு அது என்று வக்கீல் அக்கா விளக்கினார். கல்யாணத்துக்கு முந்தின மூன்று வாரம் என்னை மாடி அறையில் வைத்துப் பூட்டியவர் அப்பா. மனுவில் அடைத்து வைத்ததாக எழுதியிருந்ததோ இவர் பெயர். முதலில் சிரிப்புதான் வந்தது.

"ஸ்டேஷனுக்குத் தனியா மட்டும் போயிடாதீங்க. அங்க உங்க பெரியப்பா மக்க எல்லாம் உட்கார்ந்திருப்பாங்க. பேசித் தீத்துக்கலாம்னு வண்டியில ஏத்துவாங்க" என்றார் அக்கா. அவரே போலீஸிடம் பேசி, விசாரணை அன்று நேராக ஹைகோர்ட்டின் மதுரைக் கிளைக்கே வருவதாக ஏற்பாடு செய்தார்.

சாதி வேறு என்பதால்தான் இத்தனையும். தனித் திருமணச் சட்டத்தில் பதிய வேண்டுமென்றால் 30 நாள் நோட்டீஸ் ஒட்டுவார்கள். ஒட்டியிருந்தால் மூன்றாம் நாளே ஊர் திரண்டிருக்கும். அதனால் நாலு பேர் முன்னால் மாலை மாற்றி, மோதிரம் போட்டுச் சுயமரியாதைத் திருமணம். 1967இல் அண்ணா ஆட்சியில் இந்து திருமணச் சட்டத்தில் சேர்த்த 7ஏ பிரிவு இதற்கு இடம் தருகிறது.

இந்தக் கல்யாணம் செல்லாது என்று சொல்லிவிட்டால்? அதுதான் என் பயம். அப்பாவின் எதிர்ப்பை மீறிக் கல்யாணம் செய்துகொண்ட கேரளப் பெண் ஹாதியாவின் வழக்கை அக்கா சொன்னார். அங்கேயும் மனு போட்டவர் அப்பாதான். 2017இல் கேரள உயர் நீதிமன்றம் அந்தத் திருமணத்தையே ரத்து செய்தது. 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தள்ளியது. வயது வந்த பெண் யாரைக் கட்டிக்கொள்வது என்பது அவள் முடிவு, ஆட்கொணர்வு மனுவை வைத்து அதில் கோர்ட் நுழைய முடியாது. "நீ அடைபட்டிருக்கியா இல்லையா, அதுக்கு மட்டும் பதில் சொல்லு. வேற எதுக்கும் அழாதே."

அடுத்த சிக்கல் வயது. எனக்கு 17தான் ஆகிறது என்று சொந்தக்காரர்கள் ஸ்டேஷனில் கிளப்பிவிட்டிருந்தார்கள். ஆதார், மார்க் ஷீட் எல்லாம் அப்பாவின் பீரோவில். கட்டிய சேலையோடு வந்தவள் நான். கையில் என்ன இருக்கும்? மனுவின் நகல் வந்ததும் அக்கா அதோடு இணைத்திருந்த ஆவணக் கட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு என் பக்கம் திருப்பினார். அடையாளத்துக்காக அப்பாவே என் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டை வைத்திருந்தார். பிறந்த தேதியோடு. 22 வயது.

மாட்டுத்தாவணியைத் தாண்டி மேலூர் ரோட்டில் கோர்ட். பெண் காவலர் ஒருவர் என் பக்கத்திலேயே நின்றார். இரண்டு நீதிபதிகள். ஒருவர் தமிழிலேயே கேட்டார்: பெயர், வயது, படிப்பு. யாராவது மிரட்டி வைத்திருக்கிறார்களா? யாருடன் போக விருப்பம்? மனப்பாடம் செய்து வைத்திருந்ததெல்லாம் மறந்து, "அவர்கூடத்தான் போறேன்யா" என்று மட்டும் வந்தது.

மதிய இடைவேளையில் பெற்றோரிடம் பேசச் சொன்னார்கள். அன்றைக்கு அதுதான் கஷ்டம். அப்பா சுவரைப் பார்த்தே நின்றார். "தைராய்டு மாத்திரை வாங்குனியாடி?" என்றாள் அம்மா. வாங்கவில்லை. வாங்கிவிட்டேன் என்றேன்.

மதியம் உத்தரவுக்கு ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. இந்தப் பெண் மேஜர், விருப்பப்படி போகலாம், மனு முடித்து வைக்கப்படுகிறது.

நிறைய பேர் இதோடு முடிந்ததென்று விட்டுவிடுகிறார்கள். 'பெண் காணவில்லை' என்ற எப்.ஐ.ஆர். தனியாக நிற்கும். மாஜிஸ்திரேட் முன்னால் வாக்குமூலம் கொடுத்த பிறகுதான் அது முடிந்தது. உத்தரவின் சான்றிட்ட நகலையும் மறக்காமல் வாங்கி வையுங்கள். வீடு மாறிய இரண்டு ஊரிலும் ஸ்டேஷனில் காட்ட வேண்டி வந்தது.

பிறகு வேலைக்கு மனு போட அசல் மார்க் ஷீட் கேட்டார்கள். நகல் வேண்டுமென்றால் அசல் தொலைந்துவிட்டதாக எழுதிக் கொடுக்க வேண்டுமாம். அது தொலையவில்லை. அப்பாவின் பீரோவில், மேல் தட்டில், பச்சை ஃபைலில் இருக்கிறது. இன்னும் எழுதிக் கொடுக்கவில்லை.