மலையில் ஊறும் உப்பு

ஏற்காட்டில் ஐப்பசி மூட்டம் இறங்கிவிட்டால் எங்கள் அம்மாயி உப்பு மரவையை அடுப்புக்கு மேலிருக்கும் பரணில் ஏற்றிவிடுவார். அப்படியும் விடிவதற்குள் கல்லுப்பு நீர்த்து, மரவையின் அடியில் கசிந்து நிற்கும். மலையில் குடியிருப்பவர்களுக்கு உப்பு கடற்கரையிலிருந்து மேலேறி வர வேண்டிய பொருள். அடிவாரத்தில் சேலத்து வெள்ளைக்கல் சுரங்கங்களில் வெளேரென்று கிடப்பதும் மாக்னசைட் என்னும் தாதுக்கல்தான். அதில் ஒரு கல்கூடச் சோற்றுக்கு உதவாது. அதனால்தான், பெரு நாட்டின் ஆண்டிஸ் மலையில், ஏற்காட்டைப்போல் ஏறக்குறைய இரு மடங்கு உயரத்தில், மாராஸ் ஊரார் உப்பு விளைவிப்பதை அறிந்த நாள்முதல் அது என் நினைவைவிட்டு அகலவில்லை.

மண்ணுக்கடியில் புதைந்த பழைய உப்புப் படிவங்களைக் கரைத்துக்கொண்டு மலைச்சரிவில் ஓர் ஊற்று வெளிப்படுகிறது. அந்த நீரைச் சிறு வாய்க்கால்களில் பிரித்து, படிப்படியாக அமைந்த 3,000-க்கும் மேற்பட்ட பாத்திகளுக்குப் பாய்ச்சுகிறார்கள். பாத்தி நிறைந்ததும் அதன் மடையை அடைத்துவிட, வெயில் நீரை உறிஞ்சுகிறது. சில நாள் கழித்து மீண்டும் பாய்ச்சுகிறார்கள். ஏறத்தாழ ஒரு மாதத்தில் உப்பு கெட்டியாகப் படிந்தபின், அதை அடித்து உடைத்து வாருகிறார்கள். வெண்மை, இளஞ்சிவப்பு, மண் கலந்த பழுப்பு என அந்த உப்பு பல நிறங்களில் கிடைக்கிறது.

உப்பைக் காட்டிலும் என்னைக் கட்டிப்போட்டது அந்த நீர்முறைதான். பாத்திகள் ஊர்க் குடும்பங்களுக்கு உரியவை. தலைமுறை தலைமுறையாகக் கைமாறி வருபவை. மேல்பாத்திக்காரர் மடையைச் சரியாக அடைக்காவிட்டால் கீழ்ப்பாத்தி கெட்டுவிடும் என்பதால், பக்கத்துக் குடும்பத்தோடு பேச்சுவார்த்தை இல்லாமல் அங்கே உப்பு விளைய வழியில்லை. வாய்க்கால் பாசனத்தில் முறைத்தண்ணீருக்குக் காத்திருந்த எவருக்கும் இது எவ்வளவு நுட்பமான ஏற்பாடு என்பது புரியும். இன்கா அரசு தோன்றுவதற்கு முன்பே இத்தொழில் அங்கே இருந்ததாகக் கருதப்படுகிறது.

2019 முதல் பார்வையாளர்கள் பாத்திகளுக்கிடையே நடக்க அனுமதி இல்லை. இதைக் கெடுபிடி என்று என்னால் சொல்ல முடியாது. நெல் காயும் களத்தில் செருப்போடு கால் வைத்த எங்களை அம்மாயி விரட்டியதும் இதே காரணத்துக்காகத்தான், அது உண்ணும் பொருள். மே முதல் நவம்பர் வரையிலான வறண்ட மாதங்களே அங்கே அறுவடைக்காலம். மழை பிடித்துவிட்டால் பாத்தியில் படிந்தது கரைந்துபோகும். ஊற்று மட்டும் நிற்காமல் ஓடிக்கொண்டிருக்கும்.