அந்த ஒரு உதையை மட்டும் காட்டாதீர்கள்

இன்று மதியம் பஸ்ஸில் கைப்பேசியைத் திறந்ததும் மீண்டும் அதே காணொளி. யோகோஹாமா, 2021 ஆகஸ்ட் 6. ஒலிம்பிக் மகளிர் கால்பந்து இறுதிப்போட்டி, சுவீடனும் கனடாவும்.

பெனால்டி வரிசையில் சுவீடன் 2-1 என முன்னிலை. ஐந்தாவது உதை கேப்டன் கரோலின் செகருடையது. உள்ளே போனால் தங்கம்.

பந்து கம்பத்துக்கு மேலே பறந்துவிட்டது. பிறகு கனடா சமன் செய்து, வென்றும் விட்டது.

கீழே யாரோ எழுதியிருந்தார்: "தங்கத்தைத் தொலைத்தவர்."

படித்ததும் வயிறு எரிந்தது.

அப்போது அவருக்கு 36 வயது. 2016 ரியோ இறுதியிலும் தோற்றவர். சுவீடனின் தூரெசோ அணிக்காக 2014-லும், பாரிஸ் அணிக்காக 2015-லும் ஐரோப்பியக் கிளப் அணிகளின் சாம்பியன்ஸ் லீக் போட்டியில் இறுதிவரை போய்த் தோற்றவர். தோல்வியின் ருசி நன்றாகத் தெரிந்த ஒருவர், அந்த ஐந்தாவது உதைக்கு நடந்து போகிறார். எனக்கு அந்த நடைதான் பெரிது.

நடுக்கள ஆட்டக்காரரின் உழைப்பு காணொளித் துண்டுகளில் அகப்படாது. எதிரணியின் பந்தை மறித்து, நிமிர்ந்து பார்த்து, சரியான காலுக்குத் தள்ளிவிடுவது. கைதட்டல் கோல் அடித்தவருக்குப் போகும்.

செகர் இதை நாட்டுக்காக 240 ஆட்டங்களில் செய்தார். ஐரோப்பிய வீராங்கனைகளில் வேறு யாரும் நாட்டுக்காக இத்தனை ஆட்டங்கள் ஆடியதில்லை.

யோகோஹாமாவுக்குப் பிறகும் அவர் ஒதுங்கவில்லை. 2023 உலகக் கோப்பைக்கு 38 வயதில் போனார். 2011, 2019-ஐத் தொடர்ந்து அங்கே மூன்றாவது வெண்கலம்.

அந்தக் காணொளியை யாராவது வெட்டி ஒட்டினால், தயவுசெய்து இதையும் சேர்த்து எழுதுங்கள்.